தீர்ப்பு கையில், பணம் எங்கே? கடனுக்காக நீதிமன்றம் சொத்தில் கை வைப்பது பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கோலாலம்பூரில் ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் தீர்ப்புகளை அமல்படுத்தும் கோப்புகளைப் பல ஆண்டுகளாகக் கவனித்து வருகிறேன். செந்தூல், கெப்போங், பிரிக்பீல்ட்ஸ் பக்கத்திலிருந்து வரும் நம் ஆட்களில் இரண்டு வகை உண்டு. கொடுத்த பணம் திரும்பி வராமல் அலைபவர்கள் ஒரு வகை. வாங்கியதைக் கட்ட முடியாமல் தூக்கம் தொலைத்தவர்கள் இன்னொரு வகை. இரு தரப்புக்கும் சேர்த்தே இதை எழுதுகிறேன். ஏனென்றால் இருவரும் பெரும்பாலும் ஒரே காரணத்தால்தான் நஷ்டப்படுகிறார்கள்: தாமதம். ஒருவர் தீர்ப்பை வாங்கிப் பெட்டியில் பூட்டி வைக்கிறார். மற்றவர் வந்த கடிதத்தைப் பிரிக்காமலே அலமாரி மேல் வைக்கிறார்.

இங்கே சொல்வது தீபகற்ப மலேசியாவின் பொதுவான நடைமுறை. உங்கள் வழக்குக்கு என்று தனி முடிவு எடுக்கும் முன் ஒரு வக்கீலிடம் காகிதங்களைக் காட்டிவிடுங்கள்.

வழக்கில் ஜெயித்துவிட்டேன். நீதிமன்றமே பணத்தை வசூலித்துத் தராதா?

தானாகத் தராது. இவர் உங்களுக்கு இவ்வளவு தர வேண்டும் என்று சொல்வதோடு வழக்கு முடிகிறது. அதன்படி அவர் கட்டாவிட்டால், அடுத்த அடியை நீங்கள்தான் எடுத்து வைக்க வேண்டும். நீதிமன்ற விதிகள் 2012 அதற்குப் பல வழிகளைத் திறந்து வைத்திருக்கிறது. கடனாளியின் பொருட்களைக் கைப்பற்றி ஏலம் விடலாம். நிலத்தின் மீது தடை போட்டு விற்கலாம். வங்கியிலோ வேறொருவரிடமோ இருக்கும் அவருடைய பணத்தை நேரடியாக உங்களுக்குத் திருப்பலாம். அவரை நீதிமன்றத்துக்கு வரவழைத்து வரவு செலவை விசாரிக்கலாம். தொகை பெரிதானால் திவால் நடவடிக்கைக்கும் போகலாம். ஒவ்வொன்றுக்கும் தனி மனு, தனிக் கட்டணம்.

தீர்ப்புத் தொகைக்கு வழக்கமாக ஆண்டுக்கு 5 விழுக்காடு வட்டி ஓடும். கடனாளி இதைக் கவனிக்க வேண்டும்: பேசாமல் இருக்கும் ஒவ்வொரு ஆண்டும் தொகை ஏறிக்கொண்டே போகிறது.

எந்த நீதிமன்றத்துக்குப் போவது?

தீர்ப்பு தந்த நீதிமன்றத்துக்கேதான். 100,000 ரிங்கிட் வரைக்கும் மாஜிஸ்திரேட் நீதிமன்றம், 10 லட்சம் ரிங்கிட் வரைக்கும் செஷன்ஸ் நீதிமன்றம், அதற்கு மேல் உயர்நீதிமன்றம். கோலாலம்பூரில் இவை ஜாலான் டூத்தா நீதிமன்ற வளாகத்தில்தான் இருக்கின்றன.

இத்தனை வழி இருக்கிறதே, எதைத் தேர்ந்தெடுப்பது?

அவரிடம் என்ன இருக்கிறது என்று முதலில் கண்டுபிடியுங்கள். கோபத்தில் நேராக வீட்டுக்கு ஆள் அனுப்பச் சொல்பவர்களைத்தான் அதிகம் பார்க்கிறேன். பெய்லிஃப், அதாவது பொருட்களைக் கைப்பற்றும் நீதிமன்ற அதிகாரி, போகும்போது லோரி, கூலி, பொருட்களைக் காக்க ஆள் என்று எல்லாவற்றுக்கும் நீங்கள் முன்பணம் கட்ட வேண்டும். அங்கே பழைய சோபாவும் தேய்ந்த வாஷிங் மெஷினும் மட்டும் இருந்தால் ஏலத்தில் வரும் காசு அந்தச் செலவுக்கே போதாது.

நிலம், வீடு இருக்கிறதா என்று பார்க்க நில அலுவலகத்தில் அதிகாரப்பூர்வத் தேடல் செய்யலாம். கெரான் (நில உரிமைப் பத்திரம்) எண்ணோ லாட் (மனை) எண்ணோ தெரிந்தால் வேலை சுலபம். அவர் கம்பெனி நடத்துகிறாரா, எதில் பங்கு வைத்திருக்கிறார் என்பதை கம்பெனிகளைப் பதிவு செய்யும் எஸ்எஸ்எம் ஆணையத்தின் பதிவில் பார்க்கலாம். ஏற்கனவே திவாலானவரா என்று, திவால் விவகாரங்களைக் கவனிக்கும் இன்சால்வென்சி இலாகாவில் தேடுவதை மட்டும் விட்டுவிடாதீர்கள். திவாலானவர் மீது தனியாகச் செலவழித்துக்கொண்டிருப்பதில் பயனில்லை.

அப்புறம், உங்கள் வீட்டிலேயே தேடுங்கள். அவர் முன்பு ஒருமுறை ஐந்நூறு வெள்ளி (ரிங்கிட்) அனுப்பியிருப்பார். அந்த டிரான்ஸ்ஃபர் ரசீதில் அவருடைய வங்கியின் பெயரும் கணக்கு எண்ணும் இருக்கும். திரும்பி வந்த காசோலை ஒன்று அலமாரியில் கிடக்கும். அப்படி ஒரு துண்டுக் காகிதத்தை வைத்துக்கொண்டுதான் சில கோப்புகளில் முழுத் தொகையும் வசூலாகியிருக்கிறது.

எதுவுமே தெரியவில்லை என்றால், கடனாளியை நீதிமன்றத்தில் விசாரிக்கும் வழியிலிருந்து தொடங்குவது நல்லது. அதைப் பற்றிக் கீழே சொல்கிறேன்.

பெய்லிஃப் வீட்டுக்கு வந்தால் உண்மையில் என்ன நடக்கும்?

இதைச் சற்று விரிவாகவே சொல்கிறேன், பயமே பாதி துன்பம் என்பதால்.

வருபவர் நீதிமன்ற அதிகாரி. அவரிடம் அடையாள அட்டையும், நீதிமன்ற முத்திரையும் வழக்கு எண்ணும் உள்ள கைப்பற்றி விற்கும் உத்தரவும் இருக்கும். கடன் கொடுத்தவரின் வக்கீல் அலுவலகத்திலிருந்து ஒரு கிளார்க் உடன் வருவார். அந்த உத்தரவு வெளியான நாளிலிருந்து 12 மாதம் செல்லும், தேவையானால் நீட்டிக்கலாம். வந்தவரிடம் உத்தரவைக் காட்டச் சொல்லுங்கள். அது உங்கள் உரிமை, அவர் தவறாக எடுத்துக்கொள்ள மாட்டார். பெயர், அடையாள அட்டை எண், தொகை மூன்றையும் சரிபாருங்கள்.

ஒரு ஃபிளாட்டில் நடப்பது இப்படித்தான் இருக்கும். பெய்லிஃப் வாசலில் நின்று வந்த காரணத்தைச் சொல்வார். உள்ளே வந்ததும் கூடத்தைப் பார்த்து எழுதத் தொடங்குவார்: தொலைக்காட்சி ஒன்று, எத்தனை அங்குலம், என்ன பிராண்ட், ஃபிரிட்ஜ் ஒன்று, கண்ணாடி மேசை ஒன்று, சாப்பாட்டு நாற்காலி ஆறு. சாமி மாடத்துப் பக்கம் வந்ததும் பார்த்துவிட்டு நகர்ந்துவிடுவார். எழுதிய பட்டியலில் ஒவ்வொன்றுக்கும் ஏறத்தாழ ஒரு விலை போடுவார். பிறகு கைப்பற்றல் அறிவிப்பும் அந்தப் பட்டியலும் உங்களிடம் தரப்படும். பல நேரங்களில் பொருட்கள் அன்றே லோரியில் ஏறுவதில்லை. முத்திரை ஒட்டி அங்கேயே விட்டுப் போவார்கள், ஏலத் தேதி பிறகு வரும். அந்தப் பொருட்களை அதற்குள் விற்றாலோ வேறு வீட்டுக்கு மாற்றினாலோ அது தனிக் குற்றமாகிவிடும். தயவுசெய்து செய்யாதீர்கள்.

ஏலத்துக்கு முன் எந்த நேரத்திலும் தீர்ப்புத் தொகை, வட்டி, செலவு மூன்றையும் கட்டினால் விஷயம் அங்கேயே முடிந்துவிடும். முழுதாக முடியாவிட்டால் வக்கீல் அலுவலகத்தைக் கூப்பிட்டுத் தவணை கேளுங்கள். லேலோங்கில், அதாவது ஏலத்தில், மூன்றில் ஒரு பங்கு விலைகூடப் போகாது என்பது எதிர்த் தரப்புக்கும் தெரியும். பேச வருபவரை அவர்கள் விரட்டுவதில்லை.

வீடு பூட்டியிருந்தால், கதவை உடைத்துத் திறக்க நீதிமன்ற அனுமதி கேட்டு வருவார்கள். உள்ளே இருந்துகொண்டு விளக்கை அணைத்துவிட்டால் போய்விடுவார்கள் என்று நினைப்பது பலன் தராது. பூட்டுக்காரர் கூலி, மறுவருகைச் செலவு எல்லாம் உங்கள் கணக்கில்தான் சேரும்.

வந்திருப்பது பெய்லிஃபா, கடன் வசூல் கம்பெனி ஆளா என்று எப்படித் தெரியும்?

கடன் வசூல் கம்பெனி ஆள் போன் செய்யலாம், கடிதம் அனுப்பலாம், பேசலாம். உங்கள் வீட்டுக்குள் வந்து ஒரு ஸ்பூனைக்கூட எடுக்க அவருக்கு அதிகாரம் இல்லை. நீதிமன்ற உத்தரவு இல்லாமல் பொருளை எடுப்பேன் என்று மிரட்டினால் போலீசில் புகார் கொடுங்கள். கார் விஷயத்தில் மட்டும் வேறு விதி. அது கீழே வருகிறது.

எதையெல்லாம் எடுக்க மாட்டார்கள்?

உடுத்தும் துணி, படுக்கை, பிழைப்புக்கான தொழில் கருவிகள் இவற்றுக்கு ஓரளவு பாதுகாப்பு உண்டு. தையல்காரரின் மெஷின் பட்டியலில் ஏறினால் அந்த இடத்திலேயே வாய் திறந்து சொல்லுங்கள், எழுத்திலும் கொடுங்கள். சும்மா நின்றுவிட்டு மறுநாள் அலுவலகத்தில் வந்து அழும் அக்காமார்களைப் பார்க்கும்போது மனம் கஷ்டப்படுகிறது. அன்றே இரண்டு வார்த்தை சொல்லியிருந்தால் போதும்.

டிவி என் மகன் வாங்கியது. கடன் என்னுடையது. அதையும் எடுத்துவிட்டார்களே?

கடனாளியின் பொருளை மட்டுமே எடுக்கலாம். ஆனால் வீட்டில் இருப்பது யாருடையது என்று பெய்லிஃபுக்கு எப்படித் தெரியும்? பொருளுக்கு உரியவர், அதாவது உங்கள் மகன், உடனே எழுத்து மூலமாகப் பெய்லிஃபிடம் உரிமை கோர வேண்டும். கடை ரசீது, வங்கி அட்டையில் கட்டிய கணக்கு, உத்தரவாத அட்டை எது இருந்தாலும் இணைக்கலாம். கடன் கொடுத்தவர் அதை ஏற்றுக்கொண்டால் பொருள் விடுவிக்கப்படும். ஏற்காவிட்டால் யாருக்கு உரிமை என்பதை நீதிமன்றம் விசாரித்து முடிவு செய்யும். ஏலம் முடிந்தபின் கோரினால் பொருள் வேறொருவர் கைக்குப் போயிருக்கும், ஆகவே நாளைக் கடத்தாதீர்கள்.

வீட்டில் பல பேர் சேர்ந்து வாழும் குடும்பங்கள் நம்மிடம் நிறைய. பெரிய பொருட்களின் ரசீதுகளை, வாங்கியவர் பெயரில், ஒரு கோப்பில் போட்டு வைப்பது நல்ல பழக்கம்.

என் கணவர் கடனுக்கு என் தாலியைக் கேட்பார்களா?

கேட்க முடியாது. மணமான பெண்கள் சட்டம் 1957-இன்படி மனைவியின் சொத்து மனைவிக்கே உரியது. உங்கள் தாலி, உங்கள் சீதன நகை, உங்கள் சம்பளத்தில் வாங்கியது எதுவும் கணவரின் கடனுக்குப் பொறுப்பல்ல. நீங்கள் அந்தக் கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தால் மட்டும் கதை வேறு. அப்போது நீங்களும் கடனாளிதான். மனைவி பெயருக்கு எல்லாவற்றையும் மாற்றி எழுதிவிட்டால் தப்பிக்கலாம் என்று கணவர்களுக்கு யாரோ யோசனை சொல்லிக்கொண்டே இருக்கிறார்கள். கடன் கொடுத்தவரை ஏமாற்றச் செய்த மாற்றத்தை நீதிமன்றம் ரத்து செய்யலாம்.

என் காரை எடுப்பார்களா?

கடன் தீர்ந்து உங்கள் பெயரில் முழு உரிமையோடு இருக்கும் கார் என்றால் எடுக்கலாம். இன்னும் தவணை கட்டிக்கொண்டிருக்கும் கார் சட்டப்படி வங்கியின் சொத்து. வேறொரு கடனுக்கு அதை ஏலம் விட முடியாது.

கார் தவணையே பாக்கி என்றால் வாடகைக் கொள்முதல் சட்டம் 1967 பேசும். தொடர்ந்து இரண்டு தவணை பாக்கி விழுந்த பிறகு, 21 நாள் அவகாசம் தரும் எழுத்து அறிவிப்பு வர வேண்டும். அதன் பிறகே காரைத் திரும்ப எடுக்கலாம், அதுவும் உரிமம் பெற்ற ஆள் மூலமாக. காரின் மொத்த ரொக்க விலையில் 75 விழுக்காட்டுக்கு மேல் கட்டிவிட்டீர்கள் என்றால், நீதிமன்ற உத்தரவு இல்லாமல் தொட முடியாது. இது தெரியாமல் சாவியைக் கொடுத்துவிட்டு வந்தவர்கள் உண்டு. அடுத்த முறை யாராவது சாவி கேட்டால், எத்தனை விழுக்காடு கட்டியிருக்கிறேன் என்று முதலில் கணக்குப் போடுங்கள்.

வங்கிக் கணக்கு திடீரென்று முடங்கிவிட்டது. எப்படி?

கார்னிஷி உத்தரவு என்பார்கள். உங்கள் பணம் வங்கியில் இருக்கிறது என்றால், வங்கி உங்களுக்குக் கடன்பட்டிருக்கிறது என்று அர்த்தம். அந்தக் கடனை உங்களுக்குத் தராமல் எனக்குத் தரட்டும் என்று தீர்ப்பு வென்றவர் கேட்கிறார். முதல் உத்தரவு உங்களைக் கேட்காமலே வெளியாகும். முன்னரே தெரிந்தால் பணத்தை எடுத்துவிடுவீர்கள் என்பதுதான் காரணம். வங்கிக்கு அது போய்ச் சேர்ந்ததும் தொகை அப்படியே நிற்கும். பிறகு ஒரு தேதி கொடுத்து, இறுதி உத்தரவு ஏன் போடக் கூடாது என்று கேட்பார்கள். அன்று நீங்கள் போக வேண்டும்.

இன்னொருவருடன் சேர்ந்து வைத்திருக்கும் கணக்கைப் பொதுவாக ஒருவரின் கடனுக்கு எடுக்க முடியாது. அது மாதிரி இருந்தால் கணக்குத் திறந்த காகிதத்தோடு நீதிமன்றத்தில் சொல்லுங்கள்.

கடன் கொடுத்தவர்களுக்கு ஒரு வார்த்தை: வங்கி மட்டும்தான் என்று நினைக்காதீர்கள். உங்கள் கடனாளி ஒரு காண்டிராக்டர், அவருக்கு ஒரு கம்பெனி பில் பாக்கி வைத்திருக்கிறது என்றால் அந்தக் கம்பெனிக்கும் இந்த உத்தரவைக் கேட்கலாம். இதுவரை நான் கண்ட வழிகளில் செலவு குறைவாகவும் பலன் வேகமாகவும் இருப்பது இதுதான்.

இபிஎஃப் பணத்தை எடுக்க முடியுமா?

முடியாது. ஊழியர் சேமநிதிச் சட்டம் 1991 அதைப் பாதுகாக்கிறது. நிதியில் இருக்கும் தொகையைக் கடனுக்காக நீதிமன்றம் பறிக்க முடியாது. ஆனால் நீங்கள் அதை எடுத்துச் சொந்தக் கணக்கில் போட்டதும் அது மற்ற பணத்தைப் போல ஆகிவிடும் அபாயம் உண்டு.

வீடு என் பெயரில் இருக்கிறது. வீட்டையே ஏலம் விடுவார்களா?

விடலாம். ஆனால் பொருட்களைப் போல ஒரு நாளில் நடப்பதில்லை.

முதலில் தடையாணை. நிலச் சட்டத்தின் கீழ் நீதிமன்றம் தரும் அந்த உத்தரவை உங்கள் கெரானில் பதிவு செய்வார்கள். பதிவான நாளிலிருந்து அதை விற்கவோ, மாற்றவோ, அடகு வைக்கவோ முடியாது. இந்தத் தடை 6 மாதம் நிற்கும். அதற்குள் நீதிமன்றம் நீட்டிக்கவில்லை என்றால் விழுந்துவிடும். கடன் கொடுத்தவர்கள் தேதியைத் தவறவிட்டு மீண்டும் முதலிலிருந்து தொடங்குவதை நிறையப் பார்த்திருக்கிறேன், பட்டியலிட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

அதற்குப் பிறகு வீட்டை விற்கும் உத்தரவு, மதிப்பீட்டாளரின் அறிக்கை, குறைந்தபட்ச விலை, ஏல அறிவிப்பு என்று ஒவ்வொன்றாக வரும். மாதக் கணக்கில் ஆகும். அந்த நேரம் கடனாளிக்குக் கிடைத்த வாய்ப்பு. வீட்டை அடகு வைத்தோ, நீங்களே ஒரு வாங்குபவரைத் தேடி நியாய விலைக்கு விற்றோ கடனைக் கட்ட அவகாசம் வேண்டும் என்று நீதிமன்றத்தில் மனு போடலாம். உண்மையாகவே முயற்சி நடக்கிறது என்று காட்டினால் ஏலம் தள்ளிப்போகும். நீங்கள் விற்பதற்கும் லேலோங்கில் போவதற்கும் விலையில் இருக்கும் இடைவெளியைப் பார்த்தால், அந்த மனு எவ்வளவு முக்கியம் என்று புரியும்.

கெரானில் அண்ணன் தம்பி இருவர் பெயர் இருந்தால், கடனாளியின் பங்கில் மட்டும்தான் கை வைக்க முடியும். வங்கிக் கடனில் இருக்கும் வீடு என்றால் வங்கிக்குத்தான் முதல் உரிமை; ஏலத் தொகையில் வங்கி தன் பாக்கியை எடுத்தது போக மிச்சம் இருந்தால்தான் மற்றவருக்கு. அதனால் வீட்டு விலையும் வங்கிப் பாக்கியும் ஏறக்குறைய சமமாக இருக்கும் வீட்டின் மீது தடையாணை போடுவது வீண்செலவு.

வங்கி வீட்டை ஏலம் விடுவதும் இதே நடைமுறையா?

இல்லை. வங்கி தன் அடமானத்தை வைத்து விற்கிறது. அதற்குத் தனி அறிவிப்பு, தனி உத்தரவு உண்டு. கெரான் இன்னும் வராத வீடாக இருந்து, ஒப்பந்த உரிமையை வங்கிக்கு எழுதிக் கொடுத்திருந்தால், நீதிமன்றத்துக்குப் போகாமலே ஏலம் நடக்கலாம். அடமானம் பதிவான நிலத்தின் ஏலத்தில் வாங்குபவர் 10 விழுக்காடு முன்பணம் கட்டி, மீதியை 120 நாளுக்குள் கட்ட வேண்டும். அந்த 120 நாளை யாரும் நீட்டித்துத் தர முடியாது. லேலோங் வீடு மலிவு என்று ஆசைப்பட்டு வங்கிக் கடன் ஒப்புதல் இல்லாமல் கை தூக்கியவர்கள் முன்பணத்தை இழந்திருக்கிறார்கள். யோசித்துவிட்டுக் கை தூக்குங்கள்.

கடனை விசாரிக்க நீதிமன்றத்துக்கு வரச் சொல்லி சம்மன் வந்திருக்கிறது. போகாவிட்டால்?

கைது வாரண்ட் வரலாம். போங்கள்.

இது கடனாளிகள் சட்டம் 1957-இன் கீழ் வரும் சம்மன். உங்கள் சம்பளம், குடும்பச் செலவு, சொத்து, மற்றக் கடன்கள் எல்லாம் கேட்பார்கள். சம்பளச் சீட்டு, வாடகை ரசீது, பிள்ளைகளின் பள்ளிச் செலவு, அம்மாவின் மருந்துச் செலவு எல்லாவற்றையும் எடுத்துப் போங்கள். நேர்மையாகச் சொன்னால், உங்களால் முடிகிற தவணையை நீதிமன்றமே நிர்ணயிக்கும். உண்மையில் இது கடனாளிக்குச் சாதகமான மேடை. மாதம் 300 வெள்ளிதான் முடியும் என்றால் 300 என்று சொல்லுங்கள். பயத்தில் 1,000 என்று ஒப்புக்கொண்டு மூன்றாம் மாதமே தவறுவதுதான் ஆபத்து. தவணை தவறினால் காரணம் கேட்டு மறுபடி அழைப்பார்கள். கட்ட வசதி இருந்தும் கட்டவில்லை என்று தெரிந்தால் சிறை வரை போகலாம்.

வேலை போய்விட்டது, உடம்பு சரியில்லை என்று நிலைமை மாறினால், தவறுவதற்கு முன்பே தவணையைக் குறைக்கச் சொல்லி மனு செய்யலாம்.

எனக்கு வழக்கு நடந்ததே தெரியாது! இப்போது பெய்லிஃப் நிற்கிறார்.

இது பொய் என்று நினைக்காதீர்கள், நிறையப் பேருக்கு நடக்கிறது. வழக்குக் காகிதத்தை அடையாள அட்டையில் இருக்கும் பழைய முகவரிக்கு அனுப்பியிருப்பார்கள். ஆள் கிடைக்காவிட்டால் கதவில் ஒட்டி, நாளிதழில் விளம்பரம் போட்டாலும் போதும் என்று நீதிமன்றம் அனுமதிக்கும். வழக்குக் காகிதம் கைக்கு வந்தால் 14 நாளுக்குள் நீதிமன்றத்தில் வருகைப் பதிவு (வழக்கை எதிர்கொள்கிறேன் என்று எழுத்தில் தெரிவிப்பது) செய்ய வேண்டும். செய்யாவிட்டால் உங்களைக் கேட்காமலே தீர்ப்பு வந்துவிடும். வீடு மாறியதும் அடையாள அட்டை முகவரியை மாற்றுங்கள் என்று இதனால்தான் எல்லாரிடமும் சொல்கிறேன்.

அப்படி வந்த தீர்ப்பை ரத்து செய்யக் கேட்கலாம். தீர்ப்பு உங்கள் கைக்குக் கிடைத்த 30 நாளுக்குள் மனு போட வேண்டும். தாமதமானால் அதற்குக் காரணமும் சொல்ல வேண்டும். சும்மா "தெரியாது" என்றால் போதாது. கடன் உண்மையில்லை, ஏற்கனவே கட்டிவிட்டேன், தொகை தவறு, காகிதம் ஒழுங்காகச் சேர்ப்பிக்கப்படவில்லை என்று ஏதாவது ஒரு நியாயம் வேண்டும். அதோடு ஏலத்தை நிறுத்தி வைக்கும் மனுவையும் சேர்த்துப் போடுங்கள். ரத்து மனு மட்டும் போட்டால் ஏலம் தானாக நிற்காது.

நண்பனுக்கு ஜாமீன் போட்டேன். என்னைத் துரத்துகிறார்களே?

ஜாமீன் போட்டவர் கடனாளிக்குச் சமம். வங்கி முதலில் உங்களிடம் வரலாம், உங்கள் மீது தீர்ப்பு வாங்கலாம், சொத்தில் கை வைக்கலாம். ஒரு பாதுகாப்பு இருக்கிறது: கல்விக் கடன், சொந்த வீட்டுக் கடன், சொந்த உபயோக கார்க் கடன் போன்றவற்றுக்கு இலாப நோக்கமின்றி ஜாமீன் போட்டவரைச் சமூக ஜாமீன்தாரர் என்கிறது சட்டம். 2017-இல் வந்த மாற்றத்துக்குப் பிறகு அவரைத் திவாலாக்க முடியாது. ஆனால் திவாலாக்க முடியாது என்பதை ஒன்றும் செய்ய முடியாது என்று புரிந்துகொண்டு நிம்மதியாக இருந்துவிடாதீர்கள், பெய்லிஃப் வரலாம்.

என்னைத் திவாலாக்கிவிடுவார்களா?

கடன் 100,000 ரிங்கிட்டுக்குக் குறைவு என்றால் முடியாது. முன்பு 50,000 ஆக இருந்த வரம்பு இப்போது இந்த அளவுக்கு உயர்ந்திருக்கிறது. அந்தத் தொகைக்கு மேல் தீர்ப்பு இருந்தால் முதலில் திவால் அறிவிப்பு வரும். அது கையில் சேர்ந்து 7 நாளுக்குள் கட்டவோ எதிர்க்கவோ வேண்டும். இந்த 7 நாளைத் தவறவிட்டவர்கள்தான் பின்னால் அதிகம் வருந்துகிறார்கள். திவாலானால் சொத்து இன்சால்வென்சி இலாகாவின் கைக்குப் போகும், அனுமதி இல்லாமல் வெளிநாடு போக முடியாது. கடன் கொடுத்தவர்களோடு சேர்ந்து பேசி, ஒரு தன்னார்வ ஏற்பாட்டுக்கு வந்து அதைத் தவிர்க்கவும் சட்டத்தில் இடம் இருக்கிறது.

தீர்ப்பு வாங்கிப் பல ஆண்டு ஆகிவிட்டது. இன்னும் செல்லுமா?

6 ஆண்டு வரை நேராக அமல்படுத்தலாம். அதற்குப் பின் நீதிமன்ற அனுமதி கேட்க வேண்டும், ஏன் இவ்வளவு தாமதம் என்று விளக்க வேண்டும். 12 ஆண்டைத் தாண்டினால் கதவு மூடிவிடும். வட்டி பாக்கியும் 6 ஆண்டுக்கு மேல் கேட்க முடியாது. தீர்ப்பே இன்னும் வாங்கவில்லை, வெறும் கடன் மட்டும்தான் என்றால், வழக்குப் போடவே பொதுவாக 6 ஆண்டுதான் அவகாசம். கடனாளி எழுத்தில் ஒப்புக்கொண்டாலோ கொஞ்சம் கட்டினாலோ அந்தக் கணக்கு புதிதாக ஓடத் தொடங்கும்.

வட்டிக்குக் கொடுத்தேன். கூட்டு, அதாவது சீட்டுப் பணமும் பாக்கி. வழக்குப் போடலாமா?

உரிமம் இல்லாமல் வட்டிக்குக் கொடுப்பது வட்டித் தொழில் சட்டம் 1951-இன்படி குற்றம். அப்படிக் கொடுத்த கடனை நீதிமன்றம் வாங்கித் தராது. உரிமம் பெற்றவர்களும் அடமானம் இருந்தால் ஆண்டுக்கு 12 விழுக்காடு, இல்லாவிட்டால் 18 விழுக்காடு மேல் வாங்கக் கூடாது. மாதம் 10 விழுக்காடு வாங்கும் வட்டி முதலையிடம் மாட்டியிருப்பவர்கள் இதைத் தெரிந்துகொள்ளுங்கள். நண்பருக்கு வட்டியில்லாமல் கைமாற்றாகக் கொடுத்தது இதில் வராது.

கூட்டு நடத்துவதை 1971-ஆம் ஆண்டின் கூட்டு நிதித் தடைச் சட்டம் தடை செய்கிறது. கூட்டுத் தலைவியாக இருந்து வழக்குப் போடப் போனால் உங்கள் மீதே கேள்வி திரும்பும். கோயிலில் வைத்துப் பேசித் தீர்ப்பதுதான் நல்ல வழி.

வீட்டை வாடகைக்கு விட்டேன். வாடகை பாக்கி. வழக்கில்லாமல் பொருளை எடுக்கலாமா?

நீங்களே போய்ப் பூட்டை மாற்றக் கூடாது. வாடகை பாக்கிக்காகப் பொருட்களைக் கைப்பற்றும் தனி வழி, டிஸ்ட்ரெஸ் சட்டம் 1951-இல் இருக்கிறது. 12 மாதத்துக்கு மிகாத பாக்கிக்கு, வாடகைக்காரருக்கு முன்கூட்டிச் சொல்லாமலே நீதிமன்றத்திடம் வாரண்ட் கேட்கலாம். ஆனால் ஒப்பந்தமும் வாடகைக் கணக்கும் கச்சிதமாக இருக்க வேண்டும். வாட்ஸ்அப்பில் பேசி விட்ட வீட்டுக்கு இதைச் செய்வது சிரமம்.

அப்பா இறந்துவிட்டார். அவர் கடன் எங்கள் தலையில் விழுமா?

அப்பா விட்டுப் போன சொத்து இருக்கும் அளவுக்கு அதிலிருந்து கேட்கலாம். உங்கள் சொந்தச் சம்பளத்தையோ சொந்த வீட்டையோ கேட்க முடியாது, நீங்கள் ஜாமீன் போட்டிருந்தால் தவிர. தகப்பன் கடன் பிள்ளை தீர்க்க வேண்டும் என்று நம் வீடுகளில் சொல்வார்கள். தீர்ப்பது உங்கள் மனம். ஆனால் இறந்த வீட்டில் நின்றுகொண்டு, நீதான் கட்ட வேண்டும் என்று ஒரு காகிதத்தில் கையெழுத்து வாங்க யாராவது வந்தால் போடாதீர்கள். பிறகு அது உங்கள் கடனாகிவிடும்.

கடன் என் செண்டிரியான் பெர்ஹாட் (தனியார் வரையறுக்கப்பட்ட) கம்பெனி பெயரில்தானே?

அப்படியென்றால் கம்பெனியின் சொத்தில்தான் கை வைக்க முடியும். டைரக்டராகத் தனி ஜாமீன் கையெழுத்துப் போட்டீர்களா என்று வங்கிக் காகிதத்தைப் பாருங்கள், பெரும்பாலும் போட்டிருப்பீர்கள். கம்பெனி மீது 21 நாள் அறிவிப்பு வந்தால், அது கம்பெனியை மூடும் வழக்குக்கு முதல் படி.

கையில் காசே இல்லை. யாரிடம் போவது?

வங்கிக் கடன்கள் பல சேர்ந்து நெருக்கினால் ஏகேபிகே என்ற கடன் ஆலோசனை நிறுவனத்துக்குப் போங்கள். பேங்க் நெகாரா 2006-இல் தொடங்கியது. ஆலோசனைக்குக் கட்டணம் இல்லை. வங்கிகளோடு பேசி எல்லாவற்றையும் ஒரே தவணையாக்கப் பார்ப்பார்கள். ஆனால் தீர்ப்பு வருவதற்கு முன் போவது நல்லது. ஏலத் தேதி குறித்த பிறகு அவர்களால் செய்யக்கூடியது குறைவு.

வக்கீல் வைக்க வசதி இல்லை என்றால் அரசாங்கத்தின் சட்ட உதவி இலாகா இருக்கிறது. வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையமும் கோலாலம்பூரில் இருக்கிறது. போகும்போது வந்த கடிதங்கள் அனைத்தையும் உறையோடு எடுத்துப் போங்கள். உறையில் இருக்கும் தபால் முத்திரைத் தேதியை வைத்துத்தான் உங்களுக்கு இன்னும் எத்தனை நாள் மிச்சம் என்று அவர்கள் கணக்குப் போடுவார்கள். பிரிக்காத கடிதங்களை அவர்கள் முன்னாலேயே பிரித்தாலும் சரி, யாரும் உங்களைத் திட்டப் போவதில்லை.